மிடற்றில் இசை, வாயில் மொழி

(இசை பயிலும் மாணவர்க்கும் தமிழன்பர்க்கும் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



மாந்தக் குரலின் ஒலியியலைப் பற்றிப் பேசுமாறு என்னைப் பணித்தீர்கள். இசை கற்போர் அவையில் அறிவியலுக்கு என்ன வேலை என்று சிலர் எண்ணக்கூடும். ஒரு வழக்கைத் தீர்த்துக்கொள்வதற்காகவே நான் அறிவியலை இங்கு அழைத்து வந்துள்ளேன்.

வழக்கு இதுதான். 1941ஆம் ஆண்டு சிதம்பரத்தில், அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் தமிழிசை மாநாடு கூடியது. 1943இல் சென்னையில் தமிழ் இசைச் சங்கம் தோன்றியது. தமிழ்நாட்டு மேடையில் பிறமொழிப் பாட்டுகள் பெரும்பொழுதையும் கொண்டுவிட, தமிழ்ப்பாட்டு ஈற்றில் பாடும் 'துக்கடா'வாக ஒதுங்கி நின்ற இழிநிலையை எதிர்த்து எழுந்த முழக்கம் அது. அம்முழக்கம் வீண்போகவில்லை. தமிழ்ப்பாட்டு மேடை ஏறிவிட்டது. ஆனால் பெருமக்களே, மேடையில் பாடப்படும் தமிழ் நம் செவிக்குத் தமிழாக வந்து சேர்கிறதா?

'மலை' என்று எழுதிய பாட்டு 'மாலை' என்று கேட்கிறது. 'பாட்டு' என்ற சொல் 'பாடு' என்று கேட்கிறது. 'வாழ்வு' என்பது 'வால்வு' என்று வருகிறது. ஏன் இப்படி என்று கேட்டால், "இசை என்று வந்துவிட்டால் எழுத்துச் சற்று முன்பின் ஆகத்தான் செய்யும்; பண்ணைக் காப்பதா, சொல்லைக் காப்பதா?" என்று விடை வருகிறது. பண்ணும் சொல்லும் ஒன்றற்கொன்று பகை என்பதே இவ்விடையின் அடிப்படை. அப்பகை உண்மையா? குரலின் இயற்கையிலேயே அப்படி ஒரு முரண் இருக்கிறதா? இதைத்தான் நாம் இன்று ஆராய்ந்து பார்க்கவேண்டும்.

மிடற்றின் தொழில்

நுரையீரலிலிருந்து மேலெழும் காற்று மிடற்றை அடைகிறது. அங்கே குரல்வளைக்குள் இரண்டு தசை மடிப்புகள் உள்ளன. அவற்றைக் குரல்நாண் என்கிறோம். நாண் என்றாலும் அவை யாழ் நரம்பு போலத் தனித்து இழுத்துக் கட்டப்பட்டவை அல்ல. கதவின் இரண்டு பலகைகளைப் போலக் காற்றின் வழியில் நிற்பவை. மூச்சுவிடும்போது அவை விலகி நிற்கின்றன. பேசவோ பாடவோ முற்படும்போது நெருங்குகின்றன. கீழிருந்து எழும் காற்று அவற்றைத் தள்ளித் திறக்கிறது. உடனே அவை மீண்டும் மூடிக்கொள்கின்றன. இவ்வாறு திறந்து மூடுவது ஆடவர் பேச்சில் நொடிக்கு ஏறத்தாழ 100 முதல் 130 தடவையும், பெண்டிர் பேச்சில் ஏறத்தாழ 200 முதல் 230 தடவையும் நிகழ்கிறது. சிறு குழந்தையின் குரலில் 300ஐயும் எட்டும். இந்த எண்ணிக்கை கூடினால் குரல் உயரும், குறைந்தால் தாழும். ஓர் இசையின் நிலையை அடுத்த மேல்மண்டிலத்திற்கு ஏற்றுவது என்பது இவ்வெண்ணிக்கையை இரட்டிப்பதே. குரலுக்கு இளி என்பது இரண்டுக்கு மூன்று என்னும் அளவு.

இக்குரல்நாண்கள் இயங்குவதைத் தம் தொண்டைக்குள் தாமே கண்டு ஆராய்ந்தவர் ஒரு மருத்துவர் அல்லர், பாட்டு ஆசிரியர். இசுப்பானிய நாட்டவராகிய மானுவல் கார்சியா என்பவர் 1854இல், பல் மருத்துவர் கையாளும் சிறு கண்ணாடியை வாய்க்குள் வைத்து, கதிரொளியைத் தொண்டைக்குள் திருப்பிப் பார்த்தார். தாம் கண்டதை 1855இல் இலண்டன் அரசக் கழகத்தின் முன் வைத்தார். பாட்டாசிரியர் ஒருவர் தம் கலையின் கருவியைத் தாமே திறந்து பார்க்கத் துணிந்தார் என்பதை இங்குள்ள இசை மாணவர்கள் மனத்தில் கொள்ளவேண்டும்.

இன்னொன்றையும் இங்கே சொல்லவேண்டும். குரல்நாண் நொடிக்கு 100 தடவை திறந்து மூடும்போது 100 என்னும் ஓர் ஒலி மட்டும் பிறப்பதில்லை. அதனுடன் 200, 300, 400 என்று மடங்கு மடங்காகப் பல துணையொலிகளும் கூடவே பிறக்கின்றன. மேலே செல்லச் செல்ல அவற்றின் வலிமை குறையும். மிடறு தருவது இக்கூட்டொலிதான். ஆனால் அதில் எழுத்து எதுவும் இல்லை. மிடற்றளவில் அகரமும் இல்லை, இகரமும் இல்லை. வெறும் ஒரு சீழ்ப்பே உண்டு. அப்படியானால் எழுத்து எங்கே பிறக்கிறது?

வாயின் தொழில்

குழாயடியில் குடத்தை வைத்து நீர் பிடிக்கும்போது எழும் ஒலியை நம் வீட்டுப் பெண்கள் அனைவரும் அறிவர். குடம் வெறுமையாக இருக்கையில் ஒலி தாழ்ந்திருக்கும். நீர் ஏற ஏற ஒலியும் ஏறும். குடத்தைப் பாராமலே, அடுத்த அறையிலிருந்தபடி, "நிரம்பப் போகிறது, குழாயை மூடு" என்று சொல்வார்கள். விழும் நீர் ஒன்றே. குடத்துக்குள் எஞ்சி நிற்கும் காற்றின் அளவு குறைவதால் ஒலியின் நிறம் மாறுகிறது.

நம் வாயும் அத்தகைய ஒரு குடமே. குரல்நாணிலிருந்து இதழ்வரை உள்ள வழி, வளர்ந்த ஆடவர்க்கு ஏறத்தாழ 17 செ.மீ. நீளம், பெண்டிர்க்கு அதனினும் சற்றுக் குறைவு. அதற்குள் நிற்கும் காற்றுக்குத் தனக்கே உரிய சில அதிர்வு நிலைகள் உண்டு. வாய் ஒரே சீரான குழாயாக இருந்தால் ஆடவர்க்கு அந்நிலைகள் நொடிக்கு 500, 1500, 2500 என்னும் அளவில் அமையும். மிடற்றிலிருந்து வரும் கூட்டொலியில் எவையெவை இந்நிலைகளுக்கு அருகில் உள்ளனவோ அவற்றை வாய் ஓங்கச் செய்கிறது; மற்றவற்றை அடங்கச் செய்கிறது. ஓங்கும் இடங்களை முகடுகள் என்று சொல்வோம்.

நாவை உயர்த்தியும் தாழ்த்தியும், இதழைக் குவித்தும் விரித்தும் இம்முகடுகளை நாம் இடம் மாற்றுகிறோம். ஆகாரத்தை ஒலிக்கும்போது ஆடவர் வாயில் முதல் முகடு ஏறத்தாழ 700இலும் இரண்டாம் முகடு 1200 அளவிலும் நிற்கும். ஈகாரத்திற்கு முதல் முகடு 300க்கு இறங்கிவிடும். இரண்டாவது 2300 அளவுக்கு ஏறிவிடும். ஊகாரத்திற்கு இரண்டுமே தாழ்ந்திருக்கும். செவி இம்முகடுகளின் இடத்தைக் கொண்டே இது ஆகாரம், இது ஈகாரம், இது ஊகாரம் என்று பிரித்தறிகிறது. உயிரெழுத்து என்பது ஒலியியல் நோக்கில் வாய்க்காற்றின் வடிவமே.

செருமானிய அறிஞர் எல்மோல்ட்சு 1863இல் வெளியிட்ட தம் பெருநூலில் உயிரொலிகளை இம்முறையில் ஆராய்ந்தார். சுவீடன் நாட்டு அறிஞர் குன்னார் பாந்து 1960இல் இக்கொள்கையைக் கணக்கியல் வழியில் முழுமையாக நிறுவினார். மிடறு ஒலியைத் தருகிறது, வாய் அதனை எழுத்தாக வடிக்கிறது. இரண்டும் பெரும்பாலும் தனித்தனியே இயங்குவன என்பதே அக்கொள்கையின் சுருக்கம்.

இதனைச் சோதித்துப் பார்க்க ஆய்வுக்கூடம் தேவையில்லை. இப்பொழுதே வாயை மூடிக்கொண்டு "ம்" என்று ஒரு பண்ணை முனகிப் பாருங்கள். பண் முழுதும் வரும். சொல் ஒன்றும் வராது. அடுத்து, பக்கத்தில் இருப்பவர் காதில் ஒரு செய்தியைக் கமுக்கமாகச் சொல்லிப் பாருங்கள். கமுக்கப் பேச்சில் குரல்நாண் அதிர்வதில்லை. எனவே அதில் இசை சிறிதும் இல்லை. ஆனால் சொல் முழுதும் இருக்கிறது. இசையின்றி மொழி நிற்கிறது. மொழியின்றி இசை நிற்கிறது. இரண்டும் இருவேறு இடங்களில் பிறப்பன என்பதற்கு இதனினும் எளிய சான்று வேண்டா.

இங்கே நம் மொழியின் அமைப்பு ஒன்றையும் நோக்குங்கள். கமுக்கப் பேச்சில் மிடற்றதிர்வு இல்லை என்றேன். ஆகவே, மிடற்றதிர்வு உண்டா இல்லையா என்பதை வைத்தே ககரத்தையும் பகரத்தையும் வெவ்வேறாகப் பிரித்துச் சொற்பொருளை வேறுபடுத்தும் மொழிகளுக்குக் கமுக்கப் பேச்சில் ஓர் இடர்ப்பாடு நேர்கிறது. தமிழில் வல்லெழுத்து ஒவ்வோரிடத்திற்கும் ஒன்றே. அது சொல்லின் முதலில் வன்மையாகவும் இடையில் மென்மையாகவும் ஒலிப்பது இடத்தால் நேர்வது, பொருளை வேறுபடுத்துவதன்று. ஆகவே தூய தமிழைக் கமுக்கமாகப் பேசினாலும் எழுத்து மயங்குவதில்லை. தமிழுக்கு எழுத்துப் போதாது என்பார்க்கு இது ஒரு நல்ல விடை.

தொல்காப்பியர் கண்ட பிரிவு

மிடறு வேறு, வாய் வேறு என்னும் இப்பிரிவு நமக்குப் புதிதன்று. நம் கைக்குக் கிடைத்த தமிழ் நூல்களுள் தொன்மையானதாகிய தொல்காப்பியத்தின் பிறப்பியலை எடுத்துப் பாருங்கள். கொப்பூழ்ப் பகுதியிலிருந்து எழும் காற்றுத் தலை, மிடறு, நெஞ்சு என்னும் மூன்றிடங்களில் நிலைபெற்று, பல், இதழ், நா, மூக்கு, அண்ணம் ஆகியவற்றின் செயலால் வெவ்வேறு எழுத்தாக வெளிப்படுகிறது என்று தொல்காப்பியர் கூறுகிறார். பன்னிரண்டு உயிர்க்கும் பிறப்பிடம் மிடற்றுக் காற்றே என்கிறார். அதன்பின் அவற்றை வாயின் தொழிலால் பகுக்கிறார். அகர ஆகாரங்களுக்கு வாய் திறத்தல். இ, ஈ, எ, ஏ, ஐ என்பவற்றுக்கு நாவிளிம்பு மேற்பல்லின் அடியைப் பொருந்துதல். உ, ஊ, ஒ, ஓ, ஔ என்பவற்றுக்கு இதழ் குவிதல். ஒலி தருவது மிடறு, வேறுபாடு தருவது வாய் என்னும் வரிசை இங்கே தெளிவாக இருக்கிறது.

முன்னோர் சொன்னதெல்லாம் இற்றை அறிவியலே என்று முழங்குவது என் நோக்கமன்று. தொல்காப்பியர் அதிர்வெண்ணை அளக்கவில்லை, குரல்நாணைக் காணவுமில்லை. குரல் மிடற்றிலும், துத்தம் நாவிலும், கைக்கிளை அண்ணத்திலும், உழை தலையிலும், இளி நெற்றியிலும், விளரி நெஞ்சிலும், தாரம் மூக்கிலும் பிறக்கும் என்று பழைய இசைக் குறிப்புகள் கூறுவதை இற்றை ஒலியியல் ஏற்பதில்லை. ஏழு இசையும் மிடற்றிலேயே பிறக்கின்றன. தலையிலும் நெஞ்சிலும் பாடுவோர் உணர்வது அதிர்வின் தாக்கத்தையே. பொருந்தாததைப் பொருந்தாது என்று ஒப்புக்கொண்டால்தான், பொருந்துவதைப் பொருந்துகிறது என்று நாம் சொல்லும்போது பிறர் நம்புவர். பிறப்பியலில் நாவும் அண்ணமும் செய்யும் தொழிலை வகுத்த கூர்மை, எந்நாட்டு அறிஞரும் மதிக்கத்தக்க கூர்மை.

ழகரத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். நாவின் நுனி மேல்நோக்கி வளைந்து அண்ணத்தைத் தடவும்போது ரகரமும் ழகரமும் பிறக்கும் என்றார் தொல்காப்பியர். ஒற்றும் என்று சொல்லாமல் தடவும் என்று சொன்னார். ஒற்றினால் வழி அடைபடும். தடவினால் காற்று ஓடிக்கொண்டே இருக்கும். 1999இல் அமெரிக்க ஒலியியல் கழகத்தின் ஆய்விதழில் நாராயணன், பேர்டு, கவுன் ஆகிய மூவர், தமிழின் ர, ற, ல, ள, ழ ஆகிய ஒலிகளைக் காந்தப் படக்கருவியால் ஆராய்ந்து எழுதினர். நா பின்வளைந்து அண்ணத்தை நெருங்கினும் வழியை முற்றும் அடைக்காத ஒலியாகவே ழகரம் அங்கும் வகுக்கப்படுகிறது. இவ்வாறு நா வளையும்போது வாய்க்காற்றின் மூன்றாம் முகடு தாழ்ந்து இரண்டாம் முகட்டை நெருங்கும். அந்தத் தாழ்வே செவிக்கு ழகரத்தை அறிவிக்கும் அடையாளம். நாவை வளைக்காமல் நீட்டிவிட்டால் அம்முகடு தாழ்வதில்லை. வாழை வாலையாகிறது, மழை மலையாகிறது, விழி விளியாகிறது. இதில் மிடற்றுக்கு எந்தப் பங்கும் இல்லை. எந்தப் பண்ணும் நாவை வளைக்காதே என்று சொல்வதில்லை.

அமைதியும் ஓர் எழுத்து

இனி மெய்யெழுத்துகளுக்கு வருவோம். வல்லெழுத்து ஆறும் காற்றின் வழியை முற்றும் அடைத்துத் திறப்பதால் பிறப்பன. அடைத்திருக்கும்போது ஒலி இல்லை அல்லது மிகக் குறைவு. 'பட்டு' என்னும் சொல்லைப் பதிவுசெய்து அதன் அலையை வரைந்து பார்த்தால் பகர உயிர்மெய் முடிந்தபின் ஓர் இடைவெளி தெரியும். அங்கே கோடு ஏறத்தாழச் சமனாக ஓடும். பிறகுதான் டுகரம் வெடித்துத் தொடங்கும். அந்த இடைவெளிதான் 'ட்' என்னும் ஒற்று. நம் இலக்கணிகள் ஒற்றுக்கு அரை மாத்திரை வகுத்தார்களே, வல்லொற்றைப் பொறுத்தவரை அந்த அரை மாத்திரை என்பது அமைதியின் அளவு.

'படு' என்பதற்கும் 'பட்டு' என்பதற்கும், 'எடு' என்பதற்கும் 'எட்டு' என்பதற்கும் வேறுபாடு பெரிதும் இந்த அமைதியால்தான் அறியப்படுகிறது. பாடுவோர் என்ன செய்கிறார்கள்? இசை அறுந்துவிடுமோ என்னும் அச்சத்தால் அவ்வமைதிக்குள்ளும் குரலை ஓடவிடுகிறார்கள். உடனே இரட்டித்த வல்லெழுத்து ஒற்றையாகிவிடுகிறது. 'பாட்டு' 'பாடு' ஆகிறது. 'பத்து' 'பது' ஆகிறது. நொடியில் பத்தில் ஒரு பங்கு அல்லது அதனினும் சற்றுக் கூடிய அவ்வமைதியால் இசை அறுந்துவிடாது. முழவோனைப் பாருங்கள். அடிக்கு அடி இடைவெளி விட்டுத்தான் அவன் தாளத்தையே படைக்கிறான்.

நீட்டலுக்கு ஒரு நெறி

பாட்டில் எழுத்து நீளத்தான் வேண்டும். அதனை இலக்கணம் மறுக்கவில்லை. இசையோடு பொருந்தும்போது உயிரும் ஒற்றும் தமக்கு வகுத்த அளவைக் கடந்து நீளும் என்று தொல்காப்பியரே நூன்மரபின் இறுதியில் இசைநூலாருக்கு இடம் விட்டிருக்கிறார். எவை நீளலாம் என்பதே வினா.

நன்னூலார் அளபெடுக்கும் ஒற்றுகளாக ங, ஞ, ண, ந, ம, ன, வ, ய, ல, ள என்னும் பத்தையும் ஆய்தத்தையும் கூறினார். அப்பட்டியலில் வல்லெழுத்து ஒன்றுகூட இல்லை. ஒலியியல் கரணியத்தை முன்னரே பார்த்தோம். வல்லொற்று அமைதி, அமைதியை நீட்டிப் பாட முடியாது. மெல்லினத்தில் வாய் அடைபட்டிருந்தாலும் மூக்கின் வழி திறந்திருக்கிறது, குரல்நாணும் அதிர்ந்துகொண்டிருக்கிறது. ஆகவே அதில் இசை தங்கும்.

உயிர்களில் இடர் வருவது குறிலில். செவி குறில் நெடிலைத் தனித்த அளவால் அறிவதில்லை. பக்கத்து எழுத்தோடு ஒப்பிட்டே அறிகிறது. ஒரு வரி முழுவதையும் மெல்லப் பாடினால் குறிலும் நீளும், நெடிலும் நீளும். ஒப்பளவு கெடாததால் சொல்லும் கெடாது. ஒரு குறிலை மட்டும் பிடித்து அதன்மேல் கமகத்தை ஏற்றி நீட்டினால் அது நெடிலாகிவிடும். 'கலை' காலையாகும், 'வனம்' வானமாகும். இதைத் தவிர்ப்பது எளிது. 'மலை' என்ற சொல்லில் மகரத்தை விரைந்து கடந்து ஐகாரத்தில் நில்லுங்கள். 'வனம்' என்பதில் ஈற்று மகரத்தில் நில்லுங்கள். நீட்டுவதற்கு இடம் தமிழ்ச் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. தமிழ்ச் சொற்கள் உயிரிலோ, மெல்லினத்திலோ, இடையினத்திலோதான் முடிகின்றன, வல்லொற்றில் முடிவதில்லை. சொல்லின் ஈறுதோறும் இசை நிற்க மேடை போட்டுக் கொடுத்திருக்கும் மொழி இது.

உச்சியில் நேரும் இடர்

இசைக்கும் எழுத்துக்கும் முரணே இல்லை என்று நான் முற்றுமுடிவாகச் சொல்லவில்லை. ஓரிடத்தில் மெய்யாகவே முரண் உண்டு. அதையும் சொல்லிவிடுகிறேன்.

ஐந்து கட்டையில் பாடும் ஒரு பெண்ணின் அடிப்படைக் குரல்நிலை நொடிக்கு ஏறத்தாழ 196 அதிர்வு. வலிவு மண்டிலத்துக் குரல் 392. அதன் இளி 588. பெண்டிர் வாயில் ஈகாரத்தின் முதல் முகடு 300க்குச் சற்று மேலேதான் இருக்கும். 588இல் நின்று ஈகாரம் பாடும்போது, அம்முகட்டின் இடத்தில் ஓங்கச் செய்வதற்கு ஒலியே இல்லை. மிகத் தாழ்ந்த ஒலியே அதைக் கடந்துவிட்டது. பாடுவோர் தம்மை அறியாமலே வாயை அகலத் திறப்பர். ஈகாரம் ஏகாரத்தை நோக்கி நகரும். ஆகாரத்திற்கோ பெண்குரலில் முதல் முகடு ஏறத்தாழ 850 அளவில் இருப்பதால் இவ்விடர் இல்லை. மேனாட்டு இசைநாடகங்களில் மிக உயர்ந்த குரலில் பாடும் பெண்டிரின் சொற்கள் விளங்காமற்போவதற்கும் இதுவே கரணியம்.

இதற்குத் தீர்வு பாடுவோரிடம் மட்டும் இல்லை. பாட்டு எழுதுவோரிடமும் மெட்டு அமைப்போரிடமும் இருக்கிறது. பண் உச்சியில் நின்று நீளும் இடத்தில் ஆகார ஏகார ஓகாரங்கள் வருமாறு சொல்லைத் தேர்ந்தெடுங்கள். ஈகார ஊகாரங்களைக் கீழ் நிலைகளில் வையுங்கள். இந்த முரண் மிகச் சில இடங்களில் மட்டும் நேர்வது. நம் பாட்டின் பெரும்பகுதி நடப்பது அதற்கு மிகக் கீழே. ஆடவர் குரலுக்கு இவ்விடர் அரிதினும் அரிது.

ஒலிபெருக்கிக்கு முன்னும் பின்னும்

ஒலிபெருக்கி இல்லாக் காலத்தில் நம் நாடக மேடைகளில் பாடியவர்களை நினைத்துப் பாருங்கள். செங்கோட்டை கிட்டப்பா 1906இல் பிறந்து 1933இல் மறைந்தவர். கே. பி. சுந்தராம்பாள் 1908இல் பிறந்து 1980வரை வாழ்ந்தவர். உயர்ந்த கட்டையில் பாடி, கூட்டத்தின் கடைசி வரிசைக்கும் கேட்கச் செய்தவர்கள். நம் செவிக்குக் கூர்மை மிகுதியாக உள்ளது நொடிக்கு 2000 முதல் 5000 அதிர்வு வரையுள்ள எல்லையில். உயர்ந்த, அழுத்தமான குரலில் அவ்வெல்லைத் துணையொலிகள் வலுப்பெறுகின்றன, தொலைவுக்கும் எட்டுகின்றன. மேனாட்டு இசைநாடக ஆடவர் இதே பயனை வேறுவழியால் பெறுகின்றனர். குரல்வளையைத் தாழ்த்தி, 3000 அளவில் ஒரு தனி முகட்டை உண்டாக்குகின்றனர். பெருங்கருவிக் குழுவின் ஒலி 500 அளவில் மிகுந்திருப்பதால், 3000இல் ஒளிரும் அக்குரல் அதனைக் கிழித்துக்கொண்டு கேட்கிறது. சுவீடன் அறிஞர் யோகான் சுண்ட்பெரி 1970களில் இதை விளக்கினார்.

சுந்தராம்பாள் அம்மையாரின் பதிவுகளை இன்றும் கேட்கலாம். குரல் உச்சியில் நிற்கிறது. எழுத்து ஒன்றும் சிதையவில்லை. பண்ணைக் காப்பதா, சொல்லைக் காப்பதா என்று கேட்போர்க்கு அப்பதிவுகளே விடை. சீர்காழி கோவிந்தராசன் பாடியவற்றைக் கேளுங்கள். டி. எம். சௌந்தரராசனைக் கேளுங்கள், அவர் வீட்டுமொழி சௌராட்டிரம். அப்படியிருந்தும் தமிழ் எழுத்தை அவர் திருத்தமாக ஒலித்ததைத் தமிழ்நாடே அறியும். ஆகவே இது பிறப்பால் வருவதன்று, பயிற்சியால் வருவது. தமிழராய்ப் பிறந்தும் ழகரம் வராதவர்க்கு இனி என்ன மறுமொழி உண்டு?

ஒலிவாங்கி வந்தபின் பாடுவோர் வேலை எளிதாகியிருக்கவேண்டும். நிகழ்ந்ததோ மாறு. மெய்யெழுத்தை அறிவிக்கும் ஒலிகள் பெரும்பாலும் 1000க்கு மேற்பட்ட எல்லையில் உள்ளவை, வலிமை குன்றியவை. நெடுங்காலமாகக் கம்பித் தொலைபேசி 300 முதல் 3400 வரையுள்ள எல்லையை மட்டுமே கடத்தியது. ஆடவர் குரலின் அடியொலி அதற்குக் கீழே அறுபட்டபோதும் பேச்சு விளங்கிற்று. எழுத்து எங்கே வாழ்கிறது என்பதை அது காட்டுகிறது. நம் விழாக்களிலோ தாழ்ந்த அதிர்வுகளைப் பெருக்கி, நெஞ்சு அதிரவேண்டும் என்று ஒலிபெருக்கியை முடுக்குகிறார்கள். தாழ்ந்த பேரொலி, உயர்ந்த சிற்றொலியைச் செவிக்குள் மூடி மறைக்கும் என்பது ஒலியியல் உண்மை. ஆகவே முழக்கம் கூடக்கூடச் சொல் மறைகிறது. திரைப்பாடல்கள் பலவற்றில் கருவிகளின் அடியில் தமிழ் புதைந்து கிடப்பதும் இதனால்தான்.

அரங்கும் இதில் பங்கு கொள்கிறது. பேச்சு விளங்குவதற்கு, எழுந்த ஒலி ஒரு நொடிக்குள் அடங்கிவிடவேண்டும். வெறுஞ்சுவரும் பளிங்குத் தரையும் கொண்ட மண்டபங்களில் ஒலி பல நொடிகள் சுற்றிக்கொண்டிருக்கும். நான் முன்பு சொன்ன வல்லொற்றின் அமைதியை அந்த எதிரொலி நிரப்பிவிடும். தடித்த திரைகளைத் தொங்கவிடுங்கள். ஒலிபெருக்கியின் முழக்கத்தைக் குறையுங்கள். பாடுவோர் எவ்வளவு திருந்தினாலும் மண்டபம் திருந்தாவிட்டால் பயன் பாதியே.

நாம் செய்யவேண்டியது

இது நமக்குள் பேசி முடிக்கும் செய்தி அன்று. இன்று கணிப்பொறி தமிழ் பேசுகிறது; பாடவும் செய்கிறது. பதிவுசெய்யப்பட்ட மாந்தக் குரல்களிலிருந்தே அது ஒலிப்பைக் கற்றுக்கொள்கிறது. நாம் எவ்வாறு ஒலிக்கிறோமோ அவ்வாறே அதுவும் ஒலிக்கும். நாம் ழகரத்தை விட்டுவிட்டால் பொறியும் விட்டுவிடும். நாளை நம் பேரக்குழந்தைகள் அந்தப் பொறியிடமிருந்து தமிழ் கற்பார்கள். ஓர் எழுத்து இறப்பது ஏட்டில் அன்று, வாயில். ஏட்டில் இருந்தும் வாயில் இல்லாத எழுத்து, பிணத்தின் மேல் போர்த்திய பட்டு.

ஆகவே இசை ஆசிரியர்களே, பண்ணைக் கற்பிக்கும் முன் பாட்டைப் பேசச் சொல்லுங்கள். பேச்சில் பிழைத்த எழுத்துப் பாட்டில் திருந்தாது. பிறகு கமுக்கமாகச் சொல்லச் சொல்லுங்கள். குரல் இல்லாதபோதும் எழுத்து விளங்குகிறதா என்று பாருங்கள். அதன்பின் பாடச் சொல்லுங்கள். மாணவர்களே, நீங்கள் பாடியதைப் பதிவுசெய்து, அப்பாட்டை முன்பின் அறியாத ஒருவரிடம் கொடுத்துக் கேட்டதைக் கேட்டபடி எழுதச் சொல்லுங்கள். அவர் எழுதித் தரும் தாளே உங்கள் தேர்வுத்தாள். பாடலாசிரியர்களே, உச்சியில் நிற்க அகன்ற உயிரைத் தாருங்கள். விழா எடுப்போரே, காது கேட்கட்டும் என்று ஒலியைப் பெருக்குங்கள். காது செவிடாகட்டும் என்று பெருக்காதீர்கள்.

தஞ்சை ஆபிரகாம் பண்டிதர் 1917இல் கருணாமிர்த சாகரத்தை வெளியிட்டதும், விபுலானந்த அடிகள் 1947இல் யாழ் நூலை அரங்கேற்றியதும், இழந்த நம் இசையை நமக்கு மீட்டுத் தந்த செயல்கள். அவர்கள் பண்ணை மீட்டார்கள். பண்ணோடு எழுத்தையும் மீட்கும் கடமை நம்முடையது. மிடற்றுக்கும் வாய்க்கும் இயற்கை பகை வைக்கவில்லை என்று கண்டோம். இயற்கை வைக்காத பகையை நம் சோம்பல் வைக்கலாகாது. தமிழில் பாடுவோம், தமிழாகப் பாடுவோம்.

வாழ்க தமிழ்! வளர்க தமிழிசை!